கதவு தொறக்குற யாழ்: எப்படித் தொறக்கணும், யாரு உள்ள போகணும்?

நீளிரவு:
வணக்கம் மக்களே. ரொம்ப நாளா மனசுல கெடந்த கதை ஒண்ணை இப்பதான் எழுத ஆரம்பிச்சிருக்கேன், ரெண்டு அத்தியாயம் முடிஞ்சுது, மூணாவதுல மாட்டிக்கிட்டேன். கதையில ஒரு வாத்தியம் வருது. பேரு இடையாழ், ஏழு நரம்பு. அதை வாசிச்சா இந்த உலகத்துக்கும் இன்னொரு பரிமாணத்துக்கும் நடுவுல ஒரு வாசல் தொறக்கும். வாசிக்கிறது அக்கா, உள்ள போறது தம்பி. இது வரைக்கும் தெளிவா இருக்கேன்.

சிக்கல் என்னன்னா, இப்ப எழுதி வச்சிருக்கிறபடி அக்கா ஒரு குறிப்பிட்ட பாட்டை வாசிக்கிறா, கதவு தொறந்துக்குது, அவ்ளோதான். திரும்பப் படிச்சா பாஸ்வேர்ட் போட்டுப் பூட்டைத் தொறக்குற மாதிரி இருக்கு. அதுக்கு எதுக்கு யாழ், ஒரு சாவி போதுமே. அது வாத்தியமா இருக்கிறதுனாலதான் கதவு தொறக்குது, வேற எதாலயும் முடியாதுன்னு படிக்கிறவங்களுக்குத் தோணணும். நரம்பு, பத்தர் (யாழோட குடம்), விரல், காது எல்லாம் சேர்ந்துதான் தொறக்கணும். பழைய தமிழ்ல யாழோட கம்பிக்கு நரம்புன்னு பேரு வச்சது எனக்கு ரொம்பப் பிடிச்ச விஷயம், உடம்புக்குள்ள ஓடுறதும் அதே நரம்புதானே. அந்த அளவுக்கு நெருக்கம் கதையிலயும் வரணும். யோசனை இருந்தா சொல்லுங்க, எவ்ளோ நீளமா இருந்தாலும் படிக்கிறேன்.

இடிமுழக்கம்:
ரொம்ப சிம்பிள் சகோ, ரெசனன்ஸ். எல்லாப் பொருளுக்கும் ஒரு சொந்த ஃப்ரீக்வென்சி இருக்கு, அதே ஸ்வரத்தைச் சத்தமாப் புடிச்சா கண்ணாடி கிளாஸ் கூட ஒடையுது. அதே மாதிரி இந்த உலகத்துக்கும் ஒரு ஃப்ரீக்வென்சி, அதை யாழ்ல புடிச்சா வெளி கிழியும். என்னைக் கேட்டா யாழை விட தோல் கருவி இன்னும் நல்லா இருக்கும், அடியில இருக்குற வேகம் நரம்புல வராது.

அலைநீளம்:
இடிமுழக்கம் சொன்னதுல ஒரு சிக்கல் இருக்கு, கதையில அதைப் பொறுமையாப் பாக்கணும். வெளி அவ்ளோ லேசுல அசையாது. 2015 செப்டம்பர் 14 அன்னிக்கு ஈர்ப்பு அலையை, அதாவது வெளியையே நெளிய வைக்கிற அலையை, முதல் தடவை புடிச்சாங்கள்ல, 130 கோடி ஒளியாண்டுக்கு அப்பால ரெண்டு கருந்துளை ஒண்ணோட ஒண்ணு மோதினதுல வந்த அலை அது, ஒவ்வொண்ணும் சூரியனைப் போல முப்பது மடங்கு அளவுக்கு எடை. அவ்ளோ பெரிய மோதலோட அலை வந்து சேந்தப்ப அதைப் புடிச்ச கருவியில 4 கிலோமீட்டர் நீளக் குழாயோட நீளம் மாறினது ஒரு புரோட்டானோட அகலத்துல நூத்துல ஒரு பங்கு கூட இல்ல. அந்த அலையோட ஃப்ரீக்வென்சி மட்டும் ஏறக்குறைய 35 ஹெர்ட்ஸ்ல (செகண்டுக்கு 35 அதிர்வு) ஆரம்பிச்சு 250 வரைக்கும் ஏறிச்சு, அதாவது நம்ம காது கேக்குற எல்லைக்குள்ள, யாழோட கீழ் நரம்புங்க பேசுற இடம். அதனால ஸ்வரம் சரியான தேர்வுதான். ஆனா சத்தத்தால கிழிக்கிறது நடக்காத காரியம். சத்தம்தான் சாவின்னா பெரிய ஸ்பீக்கர் வச்சிருக்கிறவன் எல்லாம் தொறந்திருப்பான், அக்கா தேவையே இல்ல.

அப்புறம் பரிமாணம்கிறது ஒரு ஊரு இல்ல. அது ஒரு திசை. முன்ன பின்ன, இட வல, மேல கீழ, இந்த மூணுக்கும் செங்குத்தா இன்னொரு திசை. 1921ல கலூஸான்னு ஒரு கணித அறிஞர் அஞ்சாவது பரிமாணம் ஒண்ணு சேத்து எழுதிப் பாத்தாரு (காலத்தையும் கணக்குல சேத்து அஞ்சு), 1926ல க்ளைன்னு ஒரு இயற்பியலாளர் அது சின்னதா சுருண்டு கெடக்குது, அதான் கண்ணுக்குத் தெரியலன்னு சொன்னாரு. காகிதத்து மேல ஊர்ற எறும்புக்கு மேலங்கிறது எங்கயோ இருக்குற வேற உலகம் இல்ல, அது முதுகுக்கு நேர் மேலதான் இருக்கு, அதுக்குத் திரும்பத் தெரியல அவ்ளோதான். உங்க தம்பி எங்கயும் தூரமாப் போகல. இதை மனசுல வச்சு எழுதுங்க.

மழைக்கால்:
எனக்கு இவ்ளோ விளக்கம் வேணுமான்னு தோணுது. அக்கா தம்பி கதைங்கிறப்பவே எனக்குத் தொண்டை அடைக்குது, நடுவுல ஹெர்ட்ஸ் கணக்கு வந்தா அது கலைஞ்சிரும். ஏன் தொறக்குதுன்னு சொல்லாமலே விடலாமே, தொறக்குறப்ப அவளுக்கு என்ன ஆகுதுன்னு மட்டும் எழுதுங்க.

நீளிரவு:
மழைக்கால், நீங்க சொல்றது புரியுது, பக்கத்துல கணக்கு எழுதப் போறதில்ல. ஆனா எனக்கே ரூல் தெரியலன்னா அவளோட விரல் என்ன பண்ணும்னு எழுத வரமாட்டேங்குது. அதான் மாட்டிக்கிட்டேன். அலைநீளம், முதுகுக்கு நேர் மேலங்கிறது அப்படியே எடுத்துக்கிறேன், தூரமாப் போகல ஆனா பாக்க முடியலங்கிறது கதைக்கே வேணும்.

ஜீவாநூல்:
நான் தம்புரா போடுறவன், பாட்டுக்குப் பின்னால ஒக்காந்து நாலு கம்பியை மீட்டிக்கிட்டே இருக்குறது என் வேலை. உங்க கேள்விக்கு எனக்குத் தெரிஞ்சது ஒண்ணு சொல்றேன்.

தம்புராவோட குதிரை (கம்பியைத் தாங்குற கட்டை) மத்த வாத்தியம் மாதிரி கூரா இருக்காது, அகலமா, லேசா வளைஞ்சு இருக்கும். கம்பிக்கும் குதிரைக்கும் நடுவுல ஒரு நூல் விடுவோம், சாதா நூல்தான். அந்த நூலை நகத்தால கொஞ்சம் கொஞ்சமா நகத்திக்கிட்டே கம்பியை மீட்டிக்கிட்டு இருக்கணும். மொதல்ல மொண்ணையா டங் டங்னு இருக்கும். ஒரு முடி அளவு நகத்துவீங்க, ஒண்ணும் ஆகாது, இன்னொரு முடி அளவு, அப்பவும் ஒண்ணும் ஆகாது, அடுத்த முடி அளவுல சத்தம் அப்படியே விரியும், ஒரு கம்பிக்குள்ள இருந்து பத்து ஸ்வரம் வரிசையா மேல ஏறும், மீட்டின விரல் எடுத்த பிறகும் ஏறிக்கிட்டே இருக்கும். நூலு தாண்டிட்டா போச்சு, மறுபடி மொண்ணை. இத்தனை வருஷம் பண்ணியும் அந்த இடம் வரும்போது எனக்கு முதுகு சிலிர்க்கும். நிஜமாவே ஏதோ தொறக்குற மாதிரிதான் இருக்கும்.

இதுல ஒரு அதிசயம் இருக்கு. ஒரு கம்பியை நடுவுல மீட்டினா, எந்த மேல் ஸ்வரங்களுக்கு அந்த நடுப்புள்ளி அசையாம நிக்கணுமோ அந்த ஸ்வரங்கள் வரக் கூடாதுங்கிறது பழைய விதி. 1921ல சி.வி. ராமன் தம்புராவையும் வீணையையும் ஆராய்ஞ்சு, இந்த வளைஞ்ச குதிரையில அந்த விதி செல்லாது, வரக் கூடாத ஸ்வரமும் பலமா வருதுன்னு காட்டினாரு. கம்பி ஒவ்வொரு அசைவுலயும் குதிரை மேல ஒட்டி ஒட்டிப் பிரியறதுதான் காரணம். உங்க இடையாழுக்கு அந்தக் குதிரையை வைங்க. வரக் கூடாத ஸ்வரம் எங்க இருந்து வருதோ அங்கதான் கதவு.

(இடிமுழக்கம், தோல் கருவியைக் குறைச்சுச் சொல்லல. மிருதங்கத்தோட கரணை (தோல் நடுவுல இருக்குற கறுப்புப் பூச்சு) எப்படி அதிர்வை ஸ்வர வரிசையில கொண்டு வருதுன்னு 1920லயே ராமன் எழுதிட்டாரு, இந்த மாதிரிப் பூச்சு இல்லாத பெரும்பாலான மேளங்களுக்கு அந்த ஒழுங்கு கெடையாது. ஆனா அடிச்சதும் அடங்கிரும். கதவு தொறந்தே நிக்கணும்னா மீட்டிக்கிட்டே இருக்க முடிஞ்ச வாத்தியம் வேணும்.)

இடிமுழக்கம்:
ஒத்துக்கிறேன், அடங்கிரும்கிறது சரி. அந்த நூலு நகத்துற இடம் படிக்கும்போது எனக்கும் சிலிர்த்துச்சு.

ஸ்ருதிபேதம்:
லேட்டா வந்தேன், மன்னிக்கணும். ஜீவாநூல் சொன்னதோட என்னோடதும் சேத்துக்குங்க. ஸ்ருதி சேக்குறவங்களுக்கு எல்லாம் தெரிஞ்ச ஒரு ஓட்டை இருக்கு. சட்ஜமத்துல (ஸ) இருந்து பஞ்சமம் (ப) போங்க, அதாவது ஃப்ரீக்வென்சி ஒண்ணரை மடங்கு. அங்க இருந்து இன்னொரு பஞ்சமம், இப்படிப் பன்னெண்டு தடவை போனா திரும்பச் சட்ஜமத்துக்கே வந்து சேந்திருக்கணும், ஏழு ஸ்தாயி மேல (ஒரு ஸ்தாயி ஏறினா ரெண்டு மடங்கு). ஆனா வராது. பன்னெண்டு தடவை ஒண்ணரையால பெருக்கினா 129.75, ஏழு தடவை ரெண்டால பெருக்கினா 128. வட்டம் மூடல. அரை ஸ்வரத்துல கால் பங்குக்குக் கொஞ்சம் கம்மியா ஒரு இடைவெளி நிக்குது, எவ்ளோ நல்லா ஸ்ருதி சேத்தாலும் நிக்கும், ஏன்னா மூணும் ரெண்டும் எந்தக் காலத்துலயும் ஒண்ணா ஆகாது. கீபோர்டுல எல்லாப் பஞ்சமத்தையும் துளித் துளியாக் கொறைச்சு அந்த இடைவெளியைப் பங்கு போட்டு மறைச்சிட்டாங்க. அதனால கீபோர்டு வச்சு உங்க கதவைத் தொறக்க முடியாது! ஒவ்வொரு நரம்பையும் காதால சேக்குற வாத்தியத்துலதான் அந்த ஓட்டை உயிரோட இருக்கு. வாத்தியத்துக்கு இடையாழ்னு பேரு வேற வச்சிருக்கீங்க.

இப்ப கதைக்கு வருவோம். சட்ஜமம் 256 ஹெர்ட்ஸ்ல ஒரு நரம்பு, சுத்திக்கிட்டு வந்த சட்ஜமம் 259.5ல இன்னொரு நரம்பு, ரெண்டையும் சேந்து மீட்டினா செகண்டுக்கு மூணரை தடவை சத்தம் பெருகி அடங்கும், துடிப்பு மாதிரி. ரெண்டு நரம்பையும் கிட்ட கிட்ட கொண்டு வந்தா துடிப்பு மெதுவாகும். கால் ஹெர்ட்ஸ் வித்தியாசம்னா நாலு செகண்டுக்கு ஒரு தடவை, பத்துல ஒண்ணுன்னா பத்து செகண்டு. சத்தம் அடங்குற அந்த நேரத்துல ரெண்டு நரம்பும் அதிர்ந்துக்கிட்டேதான் இருக்கு, ஆனா காதுல ஒண்ணும் விழாது. அப்ப அந்தச் சத்தம் எங்க போச்சு? உங்க கதவு அங்க தொறக்கட்டும். செகண்டுக்கு மூணரைன்னா கண்ணு சிமிட்டுற நேரத்துல மூடிரும், ஒரு ஆளு நுழைய முடியாது. நுழையணும்னா அக்கா ரெண்டு நரம்பையும் இன்னும் கிட்ட கொண்டு வரணும். முழுசாச் சேந்துட்டாலோ துடிப்பே இல்ல, கதவும் இல்ல.

மழைக்கால்:
ஐயோ. வாழ்நாள் பூரா ஸ்ருதி சேக்கக் கத்துக்கிட்டவ, தம்பி திரும்பி வர்ற வரைக்கும் சேர விடாமப் புடிச்சுக்கிட்டு ஒக்காந்திருக்கணும். விளக்கம் வேணாம்னு சொன்னதை வாபஸ் வாங்கிக்கிறேன்.

நீளிரவு:
காலையில இருந்து இதையேதான் படிச்சுக்கிட்டு இருக்கேன், கண்ணு கலங்கிருச்சு. சேந்தா போச்சு, விலகினாலும் போச்சு. நரம்புல விரல் ஈரம் பட்டா, சூடு ஏறினா ஸ்ருதி நகரும், அப்ப அவ நகந்துக்கிட்டே இருக்குற ஒண்ணைக் காதாலயே தொரத்திக்கிட்டு இருக்கணும். தூங்க முடியாது, தண்ணி குடிக்க முடியாது.

இடிமுழக்கம்:
ஒரு சந்தேகம், படிக்கிறவங்க கண்டிப்பாக் கேப்பாங்க. ரெக்கார்ட் பண்ணி லூப்ல ஓட விட்டா அக்காவும் கூடப் போகலாமே? இல்லன்னா யாழைத் தூக்கிக்கிட்டே உள்ள போகலாமே?

ஜீவாநூல்:
ரெக்கார்டுல அந்த நேரத்து ஸ்ருதி அப்படியே உறைஞ்சு கெடக்கும். அறையோட சூடு மாறும், காத்தோட ஈரம் மாறும், கதவு நகரும், ரெக்கார்ட் நகராது. மீட்டுறவன் கேட்டுக்கிட்டே திருத்துறான் பாருங்க, நாலு மணி நேரக் கச்சேரியில நான் எத்தனை தடவை மணிக்காயை (ஸ்ருதியை நுணுக்கமாச் சேக்குற மணி) உருட்டியிருப்பேன்னு எனக்கே தெரியாது, விரல் தானாப் போகும். அந்தத் திருத்துறதுதான் வாத்தியம். யாழைத் தூக்கிக்கிட்டுப் போறதுக்குப் பதில் ரொம்ப எளிசு, கதவைத் தூக்கிக்கிட்டு அதே கதவு வழியாப் போக முடியாது.

அலைநீளம்:
ஸ்ருதிபேதம் கேட்ட "எங்க போச்சு"ங்கிற கேள்விக்கு நெசத்துல பதில், அறையில வேற இடத்துல கூடியிருக்கும், அப்புறம் வேற நேரத்துல திரும்ப வரும், எதுவும் காணாமப் போகாது. கதையில நாலாவது திசைக்குள்ள கசியுதுன்னு வச்சுக்கலாம், அது மோசமான ஐடியா இல்ல. 1998ல அர்கானி-ஹமெட், டிமோபூலோஸ், டுவாலின்னு மூணு இயற்பியலாளர்கள் ஈர்ப்பு விசை இவ்ளோ பலவீனமா இருக்கக் காரணம் அது கூடுதல் பரிமாணத்துக்குள்ள பரவுறதா இருக்கலாம்னு எழுதினாங்க. இன்னும் நிரூபணம் ஆகல, ஆனா யோசனை அதேதான்.

நெசமாவே நாலு திசை இருக்குற வெளியில ஒலி எப்படி நடந்துக்கும்னு கணக்கு சொல்லும், ரெண்டு விஷயம். ஒண்ணு, இங்க தூரம் ரெண்டு மடங்கானா ஒலியோட செறிவு நாலுல ஒண்ணாக் கொறையும், அங்க எட்டுல ஒண்ணு. அதனால தம்பி நாலு அடி வச்சதுமே யாழ் சத்தம் ரொம்ப தூரத்துல கேக்குற மாதிரி மெலிஞ்சிரும்.

ரெண்டாவதுதான் முக்கியம். நம்ம மூணு திசை உலகத்துல கை தட்டினா அலை உங்களைத் தாண்டிப் போயிரும், எதிரொலி இல்லாத இடம்னா அதோட முடிஞ்சுது, பின்னால சுத்தமான அமைதி. இது நமக்குக் கெடைச்ச கொடை, ஏன்னா ரெண்டு திசையிலயும் நாலு திசையிலயும் அப்படி நடக்காது. அலை தாண்டின பிறகும் பின்னால ஒரு வால் வந்துக்கிட்டே இருக்கும். இடி உருளுறதை நினைச்சுப் பாருங்க. மின்னல் கண நேரம்தான், ஆனா அது சில கிலோமீட்டர் நீளக் கோடு, ஒலி ஒரு கிலோமீட்டர் வர ஏறக்குறைய மூணு செகண்டு ஆகும், அதனால கிட்ட இருக்குற பகுதியோட சத்தம் மொதல்ல, தூரத்துப் பகுதியோடது பின்னால, பின்னால, இன்னும் பின்னால. அந்தக் கோடு முடிவே இல்லாம நீண்டா உருளுறதும் முடியவே முடியாது, ரெண்டு திசை உலகத்தோட கணக்கு அச்சு அசலா அதுதான். நாலு திசைக்கும் சமன்பாடு அதே மாதிரி ஒரு வாலைத்தான் தருது. கொறைஞ்சுக்கிட்டே போகும், பூஜ்யம் ஆகாது.

அதனால கதவு தொறந்திருக்கான்னு அக்காவுக்கு எப்படித் தெரியும்னா, நரம்பை உள்ளங்கையால அமுக்குவா, நரம்பு நிக்கும், சத்தம் நிக்காது.

ஸ்ருதிபேதம்:
இதை விட நல்ல அடையாளம் கெடைக்காது. நீளிரவு, எழுதிடுங்க.

நீளிரவு:
நேத்து ராத்திரி எழுதினேன், இன்னும் கரடுமுரடாத்தான் இருக்கு, ஒரு துண்டு மட்டும் போடுறேன்.

"நூலை இன்னும் ஒரு முடி அளவு தள்ளினாள். ஏழாவது நரம்பு முதல் நரம்பை நெருங்கியது. துடிப்பு மெதுவானது, தூங்குகிறவனின் மூச்சைப் போல. அடங்கும்போது அறையின் மூலை கொஞ்சம் ஆழமாகத் தெரிந்தது, பெருகும்போது பழையபடி சுவர். அடுத்த அடக்கத்தில் அவள் இரண்டு நரம்பின் மேலும் உள்ளங்கையை வைத்தாள். விரலுக்குக் கீழே அசைவே இல்லை. ஆனால் ஒலி இருந்தது. 'இப்பவா?' என்றான் தம்பி. அவள் கையை எடுத்து மறுபடி மீட்டினாள், தலையை மட்டும் அசைத்தாள், வாய் திறந்தால் எண்ணிக்கை தப்பிவிடும்."

கடைசி அத்தியாயம் என்னன்னா, அவ மூணு நாள் தாக்குப் புடிக்கிறா, நாலாவது நாள் ஏழாவது நரம்பு அறுந்து போகுது. தம்பி அந்தப் பக்கம். அவ ஒத்தை நரம்பை வச்சுக்கிட்டு ஒக்காந்திருக்கா, அங்கயே முடிச்சிருந்தேன்.

மழைக்கால்:
அவன் வரவே இல்லையா? அவளுக்கு அவன் இருக்கானான்னு கூடத் தெரியாதா?

அலைநீளம்:
நீளிரவு, முடிவுல ஒண்ணை விட்டுட்டீங்க. அவ கடைசியா மீட்டினது கதவு மூடுறதுக்கு முன்னால உள்ள போயிருச்சுல்ல. இந்தப் பக்கம் அறுந்ததும் அமைதி. அந்தப் பக்கம் அது முடியாது. காத்தோட உராய்வுல கொஞ்சம் கொஞ்சமாக் கரையும், அது வேற கணக்கு, ஆனா அலையோட கணக்குல மட்டும் பாத்தா அவன் எந்த நாள் காதைத் தீட்டினாலும் அந்தக் கடைசி மீட்டலோட வால் இன்னும் வந்துக்கிட்டேதான் இருக்கும்.

நீளிரவு:
பதில் போட ரெண்டு நாள் ஆயிருச்சு, மன்னிக்கணும். முடிவை மாத்திட்டேன். கடைசி பக்கம் இப்ப தம்பியோடது. அவன் அங்க ஒரு கோலை நட்டு, கையில கெடைச்சதை முறுக்கி ஒத்தை நரம்பு கட்டுறான். அக்காவோட சத்தம் காதுல இருக்கு, அதுக்குச் சேத்து, ஆனா முழுசாச் சேர விடாம, திருகிப் பாக்குறான். துடிப்பு கேக்க ஆரம்பிக்குது. அங்க நிறுத்திட்டேன்.

ஜீவாநூல்:
நல்லா இருக்கு. ஒரே ஒரு திருத்தம். புதுசா முறுக்கின நரம்பு ஸ்ருதியில நிக்காது, இழுத்துக்கிட்டே போகும், தினமும் திரும்பத் திரும்பச் சேக்கணும். அதனால அவன் முதல் நாளே துடிப்பைக் கேட்டுட்டான்னு எழுதாதீங்க. பல நாள் திருகட்டும்.